வாசகர் கேள்வி - பதில்: ஆவணப்படத்துக்கு ஆர்.ஆர்.

கேள்வி: மெல்லிசைக் குழுவில் கீபோர்டு வாசிக்கிறேன். பிச்சாவரம் பற்றி 26 நிமிட டி.வி. ஆவணப்படம் எடுக்கும் நண்பர் என்னை ஆர்.ஆர். (ரீ-ரெக்கார்டிங், அதாவது பின்னணி இசை) செய்யச் சொல்கிறார். எங்கிருந்து தொடங்குவது?
- வாசகர், திருப்பாதிரிப்புலியூர், கடலூர்

பதில்: இனி ஒரு ஃபிரேம்கூட மாறாது என்று எடிட்டர் சொல்லும்வரை கீபோர்டைத் தொடாதீர்கள். ‘கிட்டத்தட்ட முடிஞ்சிடுச்சு’ என்று வரும் எடிட்டை நம்பி வாசித்தால், நடுவில் 2 விநாடி வெட்டுப்பட்டதும் அதற்குப் பின்னால் உள்ள இசை முழுக்க இடம் பெயர்ந்துவிடும். ஓரத்தில் டைம்கோடு (நேரத்தையும் ஃபிரேமையும் காட்டும் எண்) ஓடும் பிரதியையும், பின்னணிக் குரல், சூழல் ஒலி இரண்டையும் தனித்தனி ட்ராக்காகவும் கேட்டு வாங்குங்கள்.

இசை எங்கே நுழையும், எங்கே நிற்கும் என்பதை இயக்குநரோடு உட்கார்ந்து டைம்கோடுடன் குறியுங்கள். 26 நிமிடமும் வாசிக்கத் தேவையில்லை. பாதி இருந்தாலே தாராளம். சுரபுன்னைக் கால்வாய்க்குள் படகு நுழைகிறதா, துடுப்பு தண்ணீரில் விழும் சத்தமே அங்கே தாளம். அதன் மேல் தபலா லூப் போட்டால் இரண்டும் அடித்துக்கொள்ளும். கீழ் ஸ்தாயியில் நீளமாக ஒரு பேடு (நீடித்து ஒலிக்கும் கீபோர்டு ஒலி), படகு திறந்த நீர்ப்பரப்புக்கு வரும் ‘கட்’டில் (காட்சி மாறும் இடத்தில்) புல்லாங்குழல். அவ்வளவுதான்.

குழல் அந்தக் ‘கட்’டில் சரியாக விழ ஒரு கணக்கு உண்டு. நம்மூர் டி.வி.க்கு விநாடிக்கு 25 ஃபிரேம். டெம்போ (நிமிடத்துக்கு எத்தனை தாள அடி என்பது) 100 என்றால் ஓர் அடிக்கு 15 ஃபிரேம். 75 என்றால் 20. முழு எண்ணாக வருவதால் ‘கட்’டைத் தாள அடியில் உட்கார வைப்பது சுலபம். 120 என்றால் பன்னிரண்டரை. அரை ஃபிரேமில் ஏது கட்?

ப்ராஜெக்டை 48 கிலோஹெர்ட்ஸ் சாம்பிள் ரேட் (ஒலியை விநாடிக்கு எத்தனை முறை அளந்து பதிகிறோம் என்பது), 24 பிட்டில் திறங்கள். பாட்டுக்குப் பழகிய 44.1-இல் செய்த ஃபைல், மாற்றப்படாமல் 48-இல் ஓடினால் 10 நிமிட இசை 49 விநாடி முன்னதாகவே முடிந்துவிடும். சுருதியும் அரைக் கட்டைக்கு மேல் ஏறிவிடும்.

கேள்வி: வீட்டில் கேட்டபோது நன்றாக இருந்த என் இசை, டி.வி.யில் குரலை அமுக்குகிறது என்கிறார்களே?
- வாசகர், முத்தியால்பேட்டை, புதுச்சேரி

பதில்: சத்தம் மட்டும் காரணமல்ல. பேச்சின் தெளிவு பெரும்பாலும் 1 முதல் 4 கிலோஹெர்ட்ஸுக்குள் இருக்கிறது. வயலின், நாதஸ்வரம் இவற்றின் கூர்மையும் அங்கேயேதான். மெலடியை, குரல் மூச்சுவிடும் இடைவெளிக்குத் தள்ளுங்கள். பேச்சு ஓடும்போது செல்லோ, தம்புரா போதும். தேவைப்பட்டால் 2.5 கிலோஹெர்ட்ஸைச் சுற்றி 3 டெசிபல் குறையுங்கள்.

முழு மிக்ஸோடு தாளம், பேஸ், பேடு, மெலடி என்று 4 ஸ்டெம்களும் (தனித்தனி ஒலி ஃபைல்கள்) கொடுங்கள். இல்லாவிட்டால் குழலை மட்டும் குறைக்க வழியில்லாமல் மிக்ஸிங்கில் மொத்த இசையையும் இறக்கிவிடுவார்கள். சத்தத்தை ஏற்ற, லிமிட்டர் (ஒலியின் உச்சங்களை அமுக்கும் கருவி) போட்டு நசுக்கி அனுப்புவதும் வீண். ஐரோப்பிய ஒளிபரப்பு அளவு மைனஸ் 23 எல்.யு.எஃப்.எஸ். (காதுக்குப் படும் சராசரிச் சத்தத்தின் அலகு); நம் சேனல்களும் தத்தம் அளவுக்கு இறக்கத்தான் செய்யும். நீங்கள் ஏற்றிய சத்தம் போய், தட்டையான இசைதான் மிஞ்சும்.

கேள்வி: மொத்தமாக ஒரு தொகை தந்து எல்லா உரிமையையும் எழுதிக் கேட்கிறார்கள். கொடுக்கலாமா?
- வாசகர், நெல்லிக்குப்பம்

பதில்: உரிமையை எழுதிக்கொடுத்தாலும் ராயல்டி போகாது. 2012 பதிப்புரிமைச் சட்டத் திருத்தப்படி, திரையரங்கில் படத்தோடு ஓடுவது தவிர மற்றப் பயன்பாடுகளுக்கான ராயல்டியில் உங்கள் சமபங்கை வாரிசுக்கோ பதிப்புரிமைச் சங்கத்துக்கோ தவிர வேறு யாருக்கும் விட்டுக்கொடுக்க முடியாது. 1969 முதல் இருக்கும் ஐ.பி.ஆர்.எஸ். என்ற பதிப்புரிமைச் சங்கத்தில் உறுப்பினராகுங்கள். கியூ ஷீட்டை (படத்தில் வரும் இசைத் துண்டுகளின் பட்டியல்) நீங்களே நிரப்பித் தயாரிப்பாளரிடம் கொடுங்கள்: கியூவின் பெயர், நிமிடம்-விநாடி, இசையமைத்தவர். பலர் கோட்டைவிடுவது இந்த ஒரு தாளில்தான்.

கேள்வி: நாதஸ்வரம் பதிவு செய்யச் சென்னைக்குத்தான் போக வேண்டுமா?
- வாசகர், பண்ருட்டி

பதில்: வேண்டாம். சிதம்பரம் பக்கத்து வித்வான்களை அணுகுங்கள். அண்ணாமலைப் பல்கலைக்கழக இசைத்துறை, அரியாங்குப்பம் பாரதியார் பல்கலைக்கூடம் இரண்டிலும் விசாரிக்கலாம். மைக்கை அணசுக்கு (நாதஸ்வரத்தின் விரிந்த அடிப்பகுதி) நேரே வைக்காமல் 5 அடி தள்ளி, சற்றுப் பக்கவாட்டில் வையுங்கள். விரல்துளைகளிலிருந்து வரும் நாதமும் சேர்ந்தால்தான் அது நாதஸ்வரம். சீவாளி (வாயில் வைத்து ஊதும் பகுதி) பதமாகும்வரை முதல் டேக்கை அவசரப்படுத்தாதீர்கள்.