கேள்வி மேடை: பல்கேரியாவின் பிங்காவும் நம் ஊர்த் திரையிடலும்

கேள்வி: மாதம் ஒரு உலகப் படம் போடுகிறோம். மகளிர் தினத்துக்கு பிங்கா ஜெல்யாஸ்கோவா படம் போடலாம் என்கிறார் நண்பர். யார் இவர்? எதில் தொடங்கலாம்?
– வாசகர், கிருஷ்ணகிரி

பதில்: பல்கேரியாவில் முழுநீளக் கதைப்படம் இயக்கிய முதல் பெண். 1923ல் ஸ்விலென்கிராத் என்ற எல்லையோர ஊரில் பிறந்தார். 2011ல் தலைநகர் சோஃபியாவில் காலமானார். கதைப்படங்கள் 7, ஆவணப்படங்கள் 2, அவ்வளவுதான் எடுக்க முடிந்தது. கணவர் ஹ்ரிஸ்தோ கானெவ் திரைக்கதை எழுத்தாளர். முக்கியமான படங்கள் சிலவற்றை இருவரும் சேர்ந்தே உருவாக்கினார்கள்.

1961ல் வந்த 'நாங்கள் இளமையாய் இருந்தோம்' படத்தில் தொடங்குங்கள். மாஸ்கோ விழாவில் தங்கப் பரிசு பெற்ற படம். இரண்டாம் உலகப் போர்க்கால சோஃபியாவில் பாசிசத்தை எதிர்த்துத் தலைமறைவாக இயங்கும் இளைஞர்களின் கதை. இருட்டில் டார்ச் வெளிச்ச வட்டங்கள் நகரும் காட்சியைத் தவறவிடாதீர்கள்; முகமே காட்டாமல் காதலையும் பயத்தையும் சொல்லிவிடுவார். கறுப்பு வெள்ளைப் படம் என்பதால் அரங்கம் நன்றாக இருட்டாக இருக்க வேண்டும். ஜன்னலில் வெளிச்சம் கசிந்தால் அந்தக் காட்சியில் வெறும் சாம்பல் நிறம்தான் தெரியும். கறுப்புத் துணி கட்டுங்கள், அல்லது இரவு 7 மணிக்கு மேல் போடுங்கள். பழைய படத்தை 16:9 அகலத்திரை முழுக்க இழுத்து நிரப்பவும் வேண்டாம், முகங்கள் உப்பித் தெரியும். இரண்டு பக்கமும் கறுப்புப் பட்டை விழுந்தால் விழட்டும்.

கேள்வி: பிங்கா இடதுசாரி, பாசிச எதிர்ப்புப் போராட்டத்தில் இருந்தவர் என்கிறார்கள். பிறகு அவர் படங்களை அதே கட்சியின் அரசே ஏன் முடக்கியது?
– வாசகி, பாப்பாரப்பட்டி

பதில்: அவர் கேள்வி கேட்டது தன் தோழர்களைப் பார்த்து. அதுதான் பொறுக்கவில்லை. 1957ல் கானெவோடு சேர்ந்து இயக்கிய 'வாழ்க்கை அமைதியாய் ஓடுகிறது', காட்டில் துப்பாக்கி ஏந்தியவர்கள் பதவிக்கு வந்தபின் எப்படி மாறிப்போனார்கள் என்று காட்டியது. படம் பெட்டிக்குள் போய், 1988ல்தான் வெளியே வந்தது. 31 வருடம்! ஒரு இயக்குநருக்கு முதல் படத்திலேயே இந்த அடி.

1967ல் 'கட்டிய பலூன்', பல்கேரிய எழுத்தாளர் யோர்டான் ராடிச்கோவின் கதை. போரில் விமானங்களைத் தடுக்க இரும்புக் கயிற்றில் கட்டிப் பறக்கவிடும் ராட்சத பலூன் ஒன்று அறுத்துக்கொண்டு மலைக்கிராமத்தின் மேலே வந்து நிற்கிறது. ஊரே துரத்துகிறது. வேடிக்கை பார்க்கப் போனவர்கள், பலூனை யார் எடுப்பது என்று முட்டிக்கொள்கிறார்கள். நேரடியாக அரசியல் வசனம் இல்லை, ஆனாலும் அதிகாரத்தில் இருந்தவர்களுக்கு உறுத்தியது, படத்தைத் திரையிலிருந்து அகற்றிவிட்டார்கள். பிங்காவின் படங்களில் மிகச் சிறந்தது இதுதான் என்பது எங்கள் கருத்து.

கணவரும் வளைந்துகொடுக்கவில்லை. 1970ல் சோவியத் அரசை விமர்சித்த ரஷ்ய எழுத்தாளர் சோல்ஜெனிட்சினுக்கு நோபல் பரிசு கொடுத்ததைக் கண்டித்துக் கையெழுத்துப் போட மறுத்த சில எழுத்தாளர்களில் கானெவும் ஒருவர்.

சுப்பிரமணிய சிவா கடைசி நாட்களைக் கழித்த ஊரிலிருந்து எழுதுகிறீர்கள். உங்களுக்கு 'கடைசிச் சொல்' (1973) நெருக்கமாக இருக்கும். தூக்குத் தண்டனை விதிக்கப்பட்ட பெண்கள் ஒரே சிறை அறையில். 1974ல் பிரான்சின் கான் திரைப்பட விழாவில் போட்டிப் பிரிவில் இருந்த படம். பின்னர் ஸ்லிவென் பெண்கள் சிறைக்கே கேமராவோடு போய் ஆவணப்படம் எடுத்தார். அதையும் முடக்கினார்கள்.

கேள்வி: தமிழ் சப்டைட்டில் நாங்களே தயாரித்தோம். ஆரம்பத்தில் சரியாக வருகிறது, போகப் போகப் பிந்துகிறது. ஏன்?
– வாசகர், பாலக்கோடு

பதில்: ஃபிரேம் வேகம் பொருந்தவில்லை. சினிமா நொடிக்கு 24 ஃபிரேம். ஐரோப்பியத் தொலைக்காட்சி வழியாக வந்த பிரதி பெரும்பாலும் 25. உங்கள் எழுத்து 24க்கும் படம் 25க்கும் இருந்தால், ஒரு மணி நேரக் கதைக்கு 2 நிமிடம் 24 நொடி பிந்தும். 'சப்டைட்டில் எடிட்' மென்பொருளில் ஃபிரேம் வேகத்தை 24லிருந்து 25க்கு மாற்றிச் சேமியுங்கள். பிறகு முதல் வசனத்தையும் கடைசி வசனத்தையும் ஓட்டிப் பாருங்கள். இரண்டிலும் ஒரே அளவு இடைவெளி இருந்தால் அது வேகத்தின் கோளாறு அல்ல, மொத்தமாக முன்னே நகர்த்தினால் போதும்.

எழுத்துக்குப் பதில் கேள்விக்குறி வந்தால் கோப்பை யுடிஎஃப்-8 (தமிழ் எழுத்தையும் ஏற்கும் குறியீட்டு முறை) ஆகச் சேமிக்கவில்லை என்று பொருள். தமிழ்ச் சொல் நீளம். வரிக்கு 4, 5 சொல், மொத்தம் இரண்டு வரி போதும்; அதற்கு மேல் போனால் பார்ப்பவர் படத்தை விட்டுவிட்டு எழுத்தையே படித்துக்கொண்டிருப்பார்.

கேள்வி: இலவசமாகத்தானே காட்டுகிறோம், அனுமதி வேண்டுமா?
– வாசகர், பென்னாகரம்

பதில்: வேண்டும். இணையத்தில் கிடைக்கிறது என்பது பொதுத் திரையிடலுக்கு உரிமை ஆகாது. சோஃபியாவிலுள்ள பல்கேரிய தேசியத் திரைப்படக் காப்பகத்துக்கு முதலில் எழுதி, உரிமை யாரிடம் என்று கேளுங்கள். படத்தின் பல்கேரியப் பெயர், ஆண்டு, திரையிடும் நாள், இருக்கை எண்ணிக்கை, நுழைவுக் கட்டணம் இல்லை என்பது, எல்லாம் அந்த ஒரே கடிதத்தில் இருக்கட்டும். பதில் வர நாளாகலாம். மார்ச் 8க்குப் போட வேண்டுமானால் டிசம்பரிலேயே எழுதுங்கள்.