விண்வெளி ஆவணப்படங்களில் தோன்றும் விஞ்ஞானிகளில் உங்களுக்கு மிகவும் பிடித்தவர் யார்? ஏன்?

பிரையன் காக்ஸ். மான்செஸ்டர் பல்கலைக்கழகத்தின் இயற்பியல் பேராசிரியர். அவரை எனக்குப் பிடித்துப்போனது ஒரு தகர டப்பாவால்.

2010-இல் பிபிசியில் வந்த ‘வொண்டர்ஸ் ஆஃப் த சோலார் சிஸ்டம்’ தொடரின் முதல் பகுதி சூரியனைப் பற்றியது. 2009 ஜூலை 22 முழுச் சூரிய கிரகணத்தைக் காண அவர் காசிக்கே வந்திருப்பார். ஆனால் நான் திரும்பத் திரும்பப் பார்த்தது, அமெரிக்காவின் டெத் வேலி பாலைவனத்தில் அவர் செய்த சோதனையைத்தான். ஒரு டப்பா தண்ணீர், தெர்மாமீட்டர், குடை. வானியலாளர் ஜான் ஹெர்ஷல் 1830-களில் தென்னாப்பிரிக்காவில் செய்த அதே சோதனை. குடை நிழலில் தண்ணீரின் சூடு நிலைக்கு வந்ததும் குடையை எடுத்துவிட்டு, எத்தனை நிமிடத்தில் எத்தனை டிகிரி ஏறுகிறது என்று பார்க்க வேண்டும். சூரியன் தரும் ஆற்றலை அளக்க இவ்வளவு போதும்.

பல ஆவணப்படங்களில் விஞ்ஞானியை நாற்காலியில் உட்கார வைத்து இரண்டு வாக்கியம் பேசவிட்டு, உடனே வரைகலை வெடிப்புக்குத் தாவிவிடுகிறார்கள். பார்க்கிறவரின் கைக்கு அதில் வேலையே இல்லை.

தண்டையார்பேட்டையில் பள்ளிப் பிள்ளைகளுக்கு மாலை வகுப்பு எடுக்கிறேன். ஓர் ஏப்ரல் கடைசி ஞாயிறு, உச்சி வேளையில், ஆறு பேரை மொட்டைமாடிக்கு அழைத்துப் போனேன். அந்த நாட்களில் சென்னையில் சூரியன் ஏறக்குறைய நேர் தலைக்கு மேல் வரும். டப்பாவைச் சாய்க்கவே வேண்டாம். 10 சென்டிமீட்டர் வாயகல டப்பா, உள்ளே கறுப்புப் பெயின்ட், 250 மில்லி தண்ணீர். 20 நிமிடத்தில் 5 டிகிரி ஏறியது. கணக்குப் போட்டால் சதுர மீட்டருக்கு சுமார் 550 வாட். தெளிவான வெயிலில் தரைக்கு வருவது 1,000 வாட் அளவுக்கு இருக்கும். பிள்ளைகளுக்கு முகம் வாடிவிட்டது. கடற்காற்று சூட்டை அள்ளிக்கொண்டு போனதைச் சொன்னேன். மறு ஞாயிறு டப்பாவைத் தெர்மாகோலில் பொதிந்து, வாயைக் கண்ணாடியால் மூடினோம். 7 டிகிரி! கிட்டத்தட்ட 780 வாட்.

“சூரியன் எல்லாப் பக்கமும் இதே அளவு கொடுக்கிறதா சார்?” என்று கேட்டாள் எட்டாம் வகுப்புப் பெண். அதுதான் காக்ஸ் போகும் அடுத்த படி: சூரியனுக்கும் பூமிக்கும் உள்ள தூரமான 15 கோடி கிலோமீட்டரை ஆரமாகக் கொண்ட ஒரு கோளம் முழுவதற்கும் இந்த எண்ணைப் பெருக்குவது. எங்கள் அளவின்படி 22-க்குப் பின்னால் 25 பூஜ்ஜியம், வாட்டில். காற்று மண்டலம் தடுப்பதையும் சேர்த்துக் கணக்கிட்ட விஞ்ஞானிகளின் எண், 38-க்குப் பின்னால் அதே 25 பூஜ்ஜியம். அவள் சாக்பீஸால் மாடித் தரையில் எழுதத் தொடங்கினாள். கடைசிப் பூஜ்ஜியம் தண்ணீர்த் தொட்டியடியில் போய் விழுந்தது.