ரானல்ட் போல்ட்டன் பால்மர்: வாசகர் கேள்விகளும் பதில்களும்

கேள்வி: இங்கிலாந்து ரக்பி வீரர் ரானல்ட் போல்ட்டன் பால்மரை ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழக அணி முதலில் சேர்க்க மறுத்தது என்கிறார்களே, அது உண்மையா?

பதில்: உண்மைதான். 1908 டிசம்பரில் கேம்பிரிட்ஜை எதிர்த்து ஆடிய அணியில் அவருக்கு இடம் கிடைக்கவில்லை. ஆனால் அடுத்த மாதமே, 19 வயதில், லெஸ்டர் நகரில் பிரான்சை எதிர்த்து இங்கிலாந்துக்காக ஆடிவிட்டார். பல்கலைக்கழகம் ஏற்கத் தயங்கியவரை நாடு ஏற்றுக்கொண்டது. 1909 டிசம்பரில் ஆக்ஸ்ஃபோர்டு அவரைச் சேர்த்தபோது, அந்த ஒரே ஆட்டத்தில் 5 டிரைகள் எடுத்து, 35-3 என்ற வெற்றிக்கு வழிவகுத்தார். எதிரணியின் கோட்டைக் கடந்து பந்தைத் தரையில் பதிப்பதே டிரை. அன்று அதற்கு 3 புள்ளிகள்.

கேள்வி: அவருடைய ஓட்டத்தில் அப்படி என்ன சிறப்பு?

பதில்: பந்தை மார்போடு அணைத்துக்கொள்ளாமல், இரு கைகளாலும் முன்னே ஏந்தி, இடமும் வலமும் அசைத்தபடியே ஓடுவார். பக்கத்தில் வரும் தோழருக்கு வீசப்போகிறாரா, தானே வளைந்து விலகப்போகிறாரா என்பது மறிக்க வருபவருக்குக் கடைசிக் கணம்வரை பிடிபடாது. அந்தத் தயக்கத்தில் பிறக்கும் இடைவெளியே அவருக்குப் போதுமானது. 1913 ஜனவரியில் ட்விக்கன்ஹாமில் தென்னாப்பிரிக்காவிடம் இங்கிலாந்து 3-9 எனத் தோற்றபோதும், இங்கிலாந்தின் ஒரே டிரை அவருடையதே.

கேள்வி: பால்மர் என்ற பெயர் எப்படிச் சேர்ந்தது?

பதில்: ரெடிங் நகரின் ஹன்ட்லி அண்ட் பால்மர்ஸ் பிஸ்கட் நிறுவனத்தைச் சேர்ந்த தாய்மாமனின் சொத்துக்கு வாரிசானபோது, 1914இல் அப்பெயரையும் ஏற்றார்.

கேள்வி: அணித்தலைவராக அவர் சாதித்தது என்ன?

பதில்: 1914இல் அவர் தலைமையில் இங்கிலாந்து, வேல்ஸ், அயர்லாந்து, ஸ்காட்லாந்து, பிரான்ஸ் ஆகிய நான்கு நாடுகளையும் வென்றது. ஆனால் அது எளிதாக வாய்க்கவில்லை; வேல்ஸை 10-9 என்றும் ஸ்காட்லாந்தை 16-15 என்றும் ஒவ்வொரு புள்ளி வித்தியாசத்தில்தான் வென்றார்கள். ஏப்ரலில் பாரிஸை அடுத்த கொலோம்பில் பிரான்சை 39-13 எனத் தோற்கடித்தபோது, அவர் மட்டும் 4 டிரைகள் எடுத்தார். இங்கிலாந்துக்காக ஆடிய 17 ஆட்டங்களிலும் சேர்த்து அவர் எடுத்தவை 8. அவற்றில் சரிபாதி அந்த ஒரே நாளில் வந்தவை. என் பார்வையில், அவருடைய ஆட்டம் அப்போதுதான் முழுமையாக மலர்ந்திருந்தது.

கேள்வி: அதன் பிறகு ஏன் ஆடவில்லை?

பதில்: முதல் உலகப் போர் வந்துவிட்டது. ராயல் பெர்க்ஷயர் படைப்பிரிவின் அதிகாரியாகக் களம் சென்றவர், 1915 மே 5 அன்று பெல்ஜியத்தின் புளூக்ஸ்டீர்ட் காட்டருகே மறைந்திருந்து சுட்டவரின் குண்டுக்குப் பலியானார். அப்போது அவருக்கு வயது 25. இங்கிலாந்து மீண்டும் சர்வதேச ஆட்டத்தில் இறங்கியது 1920இல்தான்.