தபால்காரர் வேடம்

அன்புள்ள அண்ணா,

பழைய அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடர்களைத் தேடித் தேடிப் பார்த்துவருகிறேன். எதைத் திறந்தாலும் பர்ட் மஸ்டின் என்றொரு கிழவர் வந்து நிற்கிறார். 67 வயதில்தான் சினிமாவுக்கே வந்தாராம். எனக்கு 54. விருப்ப ஓய்வு வாங்கிக்கொண்டு நானும் நடிக்கப் போகலாமா? அவருக்கு ஏன் பெரிய வேடம் எதுவும் அமையவில்லை?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

விருப்ப ஓய்வைப் பற்றி உங்கள் மனைவியிடம் கேளுங்கள். 90 வயதுக்காரரைக் கதாநாயகனாகப் போட்டு யார் படம் எடுப்பார்கள்? அதை விடுங்கள்.

அந்த ‘67 வயதில் வந்தாராம்’ இருக்கிறதே, அதுதான் எனக்கு எரிகிறது. காலை வணக்கத்தோடு வாட்ஸப்பில் சுற்றுகிற கதை இது. மஸ்டின் 1884இல் பிறந்தவர். பொறியியல் படித்துவிட்டு பிட்ஸ்பர்க்கில் கார் விற்றார். பகலெல்லாம் கார், சாயங்காலமானால் பாட்டும் அமெச்சூர் நாடகமும். அந்த ஊர் கேடிகேஏ வானொலியின் ஆரம்ப காலத்திலேயே நிகழ்ச்சி தொகுத்திருக்கிறார். ஓய்வுக்குப் பிறகு அரிசோனா. அங்கே பீனிக்ஸ் நகர மேடையில், காவல் நிலையத்தைப் பெருக்கும் ஆளாக அவர் நடித்ததை இயக்குநர் வில்லியம் வைலர் பார்த்தார். 1951இல் ‘டிடெக்டிவ் ஸ்டோரி’ படத்திலும் அதே துடைப்பம். அதற்குமுன் சம்பளமில்லாமல் நடித்த வருஷங்களை யார் கணக்கில் வைப்பது? நீங்களும் வைக்கவில்லை.

என் பெரியப்பா ஜவுளிக்கடையில் கணக்கெழுதினார். எங்கள் ஊர்த் திருவிழா நாடகத்தில் வருஷா வருஷம் அவர்தான் தபால்காரர். ஒரே வசனம்: “அம்மா, தந்தி!” காக்கிச் சட்டையை முதல் நாளே துவைத்துக் காயப்போடுவார். மேடையேறுவதற்குக் கொஞ்சம் முன்னால் கொட்டகையை இரண்டு சுற்று ஓடிவிட்டு வருவார். மூச்சிரைக்க வேண்டுமாம். “எதுக்குப் பெரியப்பா?” என்று கேட்டால், “தந்தி கொண்டாறவன் நடந்தாடா வருவான்?” என்பார். அவர் போய்ப் பல வருஷமாகிறது. மஸ்டினைத் திரையில் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அந்த மூச்சிரைப்புதான் காதில் கேட்கிறது.

‘லீவ் இட் டு பீவர்’ தொடரில் தீயணைப்பு நிலைய கஸ்ஸாக வருவாரே, கதையின் நாயகனான சிறுவன் பீவர் வாய்விட்டுப் பேச வாய்த்த பெரியவர், அதைத் திரும்பப் பாருங்கள். 1973இல், 89 வயதில், ‘ஆல் இன் தி ஃபேமிலி’யில் முதியோர் இல்லத்திலிருந்து ஓடிவந்த கிழவர் வேடம். அந்த அத்தியாயமே அவரைச் சுற்றித்தான். (உங்கள் பெரிய வேடம்!) 1976இல் ‘ஃபில்லிஸ்’ தொடரில் கல்யாணம்கூட ஆயிற்று. மாப்பிள்ளைக்கு 92, மணப்பெண்ணாக நடித்த ஜூடித் லவ்ரிக்கு 86. அது ஒளிபரப்பாகும் முன்பே அந்த அம்மாள் இறந்துபோனார். 1977 ஜனவரியில் இவரும் போய்விட்டார்.

உங்கள் ஊரில் நாடகக் குழு ஏதாவது இருக்கிறதா? வரும் ஞாயிற்றுக்கிழமை போய் நில்லுங்கள், வேலையை விடாமல். தபால்காரர் வேடத்துக்கு எங்கேயும் போட்டி இருப்பதில்லை.