தடை ஆணைக்கு வழி விடுவது யார்?

கேள்வி: எங்கள் தொடக்க வேளாண்மைக் கூட்டுறவு கடன் சங்கத்தில் நகைக்கடன் முறைகேட்டுக்காகத் தலைவரையும் சில இயக்குநர்களையும் கூட்டுறவுத் துறைத் துணைப்பதிவாளர் தகுதி நீக்கம் செய்தார். உடனே உயர் நீதிமன்றத்தில் தடை வாங்கிவந்து பழையபடி நாற்காலியில் உட்கார்ந்தார்கள். வழக்கு முடிவதற்குள் பதவிக்காலமும் முடிந்துவிட்டது. பணம் தின்றவர்களுக்கு நீதிமன்றமே துணைபோகலாமா?
- ஒரு வாசகர், திண்டிவனம்

பதில்: கோபப்பட உங்களுக்கு எல்லா உரிமையும் உண்டு. ஆனால் நீதிமன்றத்தைத் திட்டுவதற்கு முன்னால் அந்தத் தகுதி நீக்க ஆணையை ஒருமுறை வாங்கிப் படியுங்கள். பெரும்பாலும் தடைக்கான காரணம் அந்தக் காகிதத்திலேயே இருக்கும்.

இத்தகைய ஆணைகள் எப்படித் தயாராகின்றன? 1983-ஆம் ஆண்டின் தமிழ்நாடு கூட்டுறவு சங்கங்கள் சட்டத்தின் 81-வது பிரிவில் விசாரணை நடக்கும். அதன் அறிக்கை நகலைக் கொடுக்காமலேயே, விளக்கம் கேட்டு நோட்டீஸ் போகும். பதில் வந்ததும், ‘விளக்கம் ஏற்கத்தக்கதாக இல்லை’ என்று ஒற்றை வரியில் முடித்து அத்தனை பேரையும் மொத்தமாக நீக்கிவிடுவார்கள். எந்தக் கடனுக்கு யார் ஒப்புதல் தந்தார், அந்தக் கூட்டத்தில் யார் இருந்தார், மதிப்பீட்டாளர் யார், பெட்டகச் சாவி யாரிடம் இருந்தது என்று ஆளுக்கு ஆள் பிரித்து ஒரு வார்த்தை இருக்காது. இதை எந்த நீதிபதியும் நிறுத்திவைக்கத்தான் செய்வார். விட்டதையெல்லாம் பிறகு பதில் மனுவில் சேர்த்துச் சமாளிக்கவும் முடியாது. ஆணை அதில் எழுதியுள்ள காரணங்களால் மட்டுமே நிற்க வேண்டும் என்று மொகிந்தர் சிங் கில் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1977-லேயே சொல்லிவிட்டது.

அதே சட்டத்தில் மேல்முறையீட்டுக்கும் சீராய்வுக்கும் வழி இருக்கிறது. பொதுவாக உயர் நீதிமன்றம் ‘முதலில் அங்கே போ’ என்றுதான் சொல்லும். தன் தரப்பைச் சொல்ல நியாயமான வாய்ப்புத் தரும் இயற்கை நீதி மீறப்பட்டாலோ, அதிகாரமே இல்லாதவர் ஆணை போட்டாலோ நேராக வரலாம் என்பது உச்ச நீதிமன்றத்தின் 1998-ன் வேர்ல்பூல் தீர்ப்பு. அந்தக் கதவை மூடிவைப்பது துணைப்பதிவாளரின் கையில் இருக்கிறது. அறிக்கையைக் கொடுத்து, போதிய அவகாசம் தந்து, ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகக் காரணம் எழுதினால் போதும்.

அந்தக் கதவே கூடாது என்று மட்டும் கேட்காதீர்கள். மத்தியப் பிரதேசத்தில் பன்னா மாவட்ட மத்தியக் கூட்டுறவு வங்கியின் நிர்வாகக் குழுவை இணைப்பதிவாளர் கலைத்தார். அவர் வெளி அழுத்தத்துக்கு வளைந்ததையும், ரிசர்வ் வங்கியை முறையாகக் கலந்தாலோசிக்காததையும் 2013-ல் உச்ச நீதிமன்றம் கடுமையாகக் கண்டித்தது. இழந்த காலத்தை நிறைவு செய்ய அதே குழுவைத் திரும்பவும் உட்காரவைத்தது. ஆட்சி மாறினால் சங்கங்களும் கைமாற வேண்டும் என்று நினைப்பவர்கள் இங்கே மட்டும் இல்லையா? ஓட்டுப் போட்ட உறுப்பினருக்கு அப்போது வேறு என்ன பாதுகாப்பு?

சரி, போன பணம்? பதவிக்காலம் முடிந்ததோடு அந்தப் பொறுப்பு முடியவில்லை. நம் சட்டத்தின் 87-வது பிரிவில் தண்டத்தீர்வை நடவடிக்கை, அதாவது சங்கத்துக்கு நேர்ந்த நட்டத்தை அதற்குக் காரணமானவர் தலையிலேயே கட்டும் நடவடிக்கை எடுத்து, முன்னாள் தலைவரானாலும் வசூலிக்கலாம். தவறு நடந்து ஏழு ஆண்டுகளுக்குள் அதைத் தொடங்க வேண்டும். தொடங்கினால் ஆறு மாதத்தில் முடிக்க வேண்டும்; மேலதிகாரி அனுமதித்தால் இன்னும் ஆறு மாதம், அவ்வளவுதான். வெறும் கவனக்குறைவு போதாது, வேண்டுமென்றே அலட்சியம் காட்டியதை நிரூபிக்க வேண்டும். இங்கேயும் அதே சோம்பல்தான் காரியத்தைக் கெடுக்கிறது. கடைசி நாளில் நோட்டீஸ் அனுப்புகிறார்கள், கெடு தாண்டி ஆணை போடுகிறார்கள். கூட்டுறவு மேல்முறையீட்டுத் தீர்ப்பாயமாக இருக்கும் மாவட்ட நீதிபதி அதை ரத்து செய்கிறார். 2021-ல் ஐந்து பவுன் வரையிலான நகைக்கடன் தள்ளுபடிக்காகச் சோதித்தபோது போலி நகைகளும், நகையே இல்லாத கடன்களும் வெளிவந்தன. அந்தக் காலத்து முறைகேடுகளுக்கு ஏழு ஆண்டுக் கெடு நெருங்கிக்கொண்டிருக்கிறது.

நீங்கள் செய்யக்கூடியது ஒன்று உண்டு. தகவல் உரிமைச் சட்டத்தில் சங்கத்திடம் கேட்டால், கூட்டுறவு சங்கங்கள் பொதுவாக அந்தச் சட்டத்துக்குள் வராது என்ற உச்ச நீதிமன்றத்தின் 2013-ன் தலப்பலம் தீர்ப்பைக் காட்டி மறுத்துவிடலாம். பதிவாளர் துறை அப்படி நழுவ முடியாது. ஆகவே துணைப்பதிவாளர் அலுவலகத்துக்கு மனுப் போடுங்கள். 81 விசாரணை அறிக்கை எந்தத் தேதியில் வந்தது, 87-ல் நடவடிக்கை தொடங்கியதா, தொடங்கியிருந்தால் எந்த நாளில், யார் யார் மீது, தடையை நீக்கக் கோரி துறை மனுத் தாக்கல் செய்ததா என்று கேளுங்கள். இந்த வாரமே கேளுங்கள்.