புளூபெர்ரி வணிகத்தில் வேலை வேண்டுமென்றால், குளிர்கிடங்கு வாசலில் தொடங்கட்டும்

பெரியகுளத்தில் தோட்டக்கலை இறுதியாண்டு படிக்கும் மகள் வெளிநாட்டுப் பழ வணிகத்துக்குத்தான் போவேன், அதிலும் பெர்ரி வகைகள்தான் என்று உறுதியாக நிற்கிறாள். கடன் வாங்கி வெளிநாட்டில் பன்னாட்டு வணிக முதுகலைக்கு அனுப்புவதா, பேசாமல் வங்கித் தேர்வுக்குப் படிக்கச் சொல்வதா என்று கேட்டிருக்கிறீர்கள். கவலையை இறக்கி வையுங்கள், அம்மா. உங்கள் மகள் கேட்பது நடக்கக்கூடிய காரியம்தான். ஆனால் இந்தத் தொழிலுக்குள் நுழைய முதுகலைப் பட்டம் முதல் வழி இல்லை. பழத்தைக் கையில் எடுத்துப் பார்த்து இது எத்தனை நாள் தாங்கும் என்று சொல்லத் தெரிந்தவருக்குத்தான் இங்கே மதிப்பு. மற்றதெல்லாம் அதன்மேல் கட்டுவது.

ஏன் இவ்வளவு உறுதியாகச் சொல்கிறேன் என்றால், பெர்ரி வணிகம் முழுக்க முழுக்க நாள் கணக்கில் ஓடுகிறது. ராஸ்பெர்ரியை 0 டிகிரியிலேயே வைத்திருந்தாலும் சில நாள்தான். ஸ்ட்ராபெர்ரி ஒரு வாரம் தாங்கினால் நல்ல காரியம். புளூபெர்ரி சாதாரணக் குளிரில் இரண்டு வாரம் இருக்கும். ஆக்சிஜனைக் குறைத்துக் கரியமில வாயுவைக் கூட்டிய கன்டெய்னரில், நல்ல ரகமாக இருந்தால், ஒரு மாதத்துக்கு மேலும் வரும். கடல் கடந்து பெரிய அளவில் கப்பலில் போகிற பெர்ரி பெரும்பாலும் புளூபெர்ரிதான் என்பதற்கு இதுவே காரணம். மெக்சிகோவின் ஹலிஸ்கோ, மிச்சோவகான் மாநில ராஸ்பெர்ரி லாரியில் அமெரிக்காவுக்குப் போகிறது. மொராக்கோவின் பழம் ஜிப்ரால்டர் நீரிணையைத் தாண்டி ஸ்பெயின் வழியாக லாரியில் ஐரோப்பாவுக்குள் நுழைகிறது. ஸ்பெயினின் வெல்வா மாவட்ட ஸ்ட்ராபெர்ரியும் லாரியில்தான் வடக்கே போகிறது.

பெரு நாட்டை உங்கள் மகள் நன்றாகப் படித்து வைத்துக்கொள்ள வேண்டும். 2010 வாக்கில் அங்கே ஏற்றுமதிக்கான புளூபெர்ரி என்று சொல்லிக்கொள்ள ஒன்றுமில்லை. அடுத்த பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளில் ஏற்றுமதியில் உலகின் முதலிடத்துக்கு வந்துவிட்டது. வட கடற்கரையில் லா லிபர்டாட், லம்பாயெக்கே பகுதிகளில் மழையே இல்லாத மணல்வெளி. சாவிமோச்சிக், ஓல்மோஸ் பாசனத் திட்டங்கள் மலைத்தண்ணீரை அங்கே கொண்டுவந்தன. அதைச் சொட்டுநீரில் விட்டு, குளிர்காலக் குளிர் அதிகம் தேவைப்படாத பிலோக்சி போன்ற ரகங்களை நட்டார்கள். செடி ஆண்டு முழுதும் பச்சையாக நிற்பதால், கவாத்து எந்த மாதம் செய்கிறோமோ அதைப் பொறுத்துக் காய்ப்பு மாதமும் தள்ளிப்போகும். அதை வைத்துத்தான் செப்டம்பர் முதல் நவம்பர் வரையிலான காலத்தைப் பிடித்தார்கள். அமெரிக்காவின் மிச்சிகன், ஒரிகன் அறுவடை முடிந்துவிடும், சிலியின் அறுவடை இன்னும் சூடுபிடித்திருக்காது. சந்தையில் பழமே இல்லாத அந்த இடைவெளியில்தான் விலை.

2023இல் எல் நினோவால் பெருவின் கடற்கரை வழக்கத்தைவிடச் சூடாகி, பூப்பு பிந்தி, விளைச்சல் வெகுவாகக் குறைந்தது. விலை தாறுமாறாக ஏறியது. பெருவை மட்டுமே நம்பிக் கடைகளுக்கு வாக்குக் கொடுத்திருந்த கொள்முதல்காரர்கள் திண்டாடிப் போனார்கள். எந்த மாதம் எந்த நாட்டில் பழம், அங்கே இந்த ஆண்டு வானிலை எப்படி, மாற்று எது என்பது விரல் நுனியில் இருப்பவரே நல்ல கொள்முதல் அதிகாரி. தென்னாப்பிரிக்கா ஆகஸ்டில் தொடங்கும், சிலி நவம்பர் முதல் மார்ச் வரை, மொராக்கோவும் வெல்வாவும் பிப்ரவரிக்குப் பின், போலந்து ஜூலையில். இந்தப் பஞ்சாங்கத்தைச் சுவரில் ஒட்டி, வாரா வாரம் செய்தி பார்த்துத் திருத்தச் சொல்லுங்கள். புதிய துறைமுகம் திறப்பதும் அதில் ஏறவேண்டும். 2024 நவம்பரில் பெருவின் சான்காய் துறைமுகம் திறந்ததும் ஷாங்காய்க்கான கடல் பயணம் பத்து நாள் அளவுக்குக் குறைந்தது. புளூபெர்ரிக்குப் பத்து நாள் என்பது ஆயுளில் பெரும்பங்கு.

இனி லாபம் எங்கே போகிறது என்று பாருங்கள். எடுத்துக்காட்டுக்கு ஒரு கணக்கு. 125 கிராம் டப்பா 12 கொண்ட அட்டைப்பெட்டி 1.5 கிலோ. விமானத்தில் 1,000 பெட்டி, அதாவது 1,500 கிலோ வருகிறது. வரி, சரக்குக் கட்டணம் எல்லாம் சேர்த்துக் கிலோ 1,000 ரூபாய் அடக்கம் என்று வையுங்கள், மொத்தம் 15 லட்சம். 10 சதவீத லாபம் வைத்துக் கிலோ 1,100க்கு விற்கத் திட்டம். வந்ததில் 10 சதவீதம் கெட்டுவிட்டால் விற்பதற்கு 1,350 கிலோதான் மிச்சம். வரவு 14,85,000 ரூபாய். லாபம் முழுவதும் போய், 15,000 கைநஷ்டம். கெட்டதைப் பொறுக்கி எடுத்து மறுபடி டப்பாவில் அடைக்கும் கூலி இதில் சேரவில்லை. ஆகவே சரக்கு இறங்கிய அன்றே, கெட்டது எவ்வளவு, யாரால் கெட்டது என்று எழுத்தில் நிறுவுகிற ஆள் அந்த நிறுவனத்துக்கு இன்றியமையாதவர். தோட்டக்கலைப் பட்டதாரி முதலில் போய் உட்காரவேண்டிய நாற்காலி அதுதான், தரப் பரிசோதகர்.

அந்த வேலை எப்படி நடக்கும் என்பதை விவரமாகச் சொல்கிறேன், உங்கள் மகளும் படிக்கட்டும். கன்டெய்னர் வந்ததும் முதலில் கதவைத் திறக்கக் கூடாது. சீல் எண் ஆவணத்தில் உள்ளதுதானா என்று பார்த்துப் படம் எடுக்கவேண்டும். திறந்ததும் பெட்டிகளுக்கிடையே வைத்திருக்கும் வெப்பநிலைப் பதிவுக் கருவியை எடுத்துக் கணினியில் வரைபடத்தைப் பார்க்கவேண்டும். 0 டிகிரியை ஒட்டி நேர்கோடாக ஓடியிருந்தால் நல்லது. நடுவில் ஒரு மேடு தெரிந்தால், அந்த நேரத்தில் சரக்கு எங்கே நின்றது என்று பயணக் குறிப்போடு ஒப்பிடவேண்டும். விமானச் சரக்கில் அந்த மேடு பெரும்பாலும் விமான நிறுத்துமிடத்தில் வெயிலில் காத்திருந்த நேரம். தொடக்கத்திலேயே கோடு உயரத்தில் இருந்து மெல்ல இறங்கியிருந்தால் தவறு தோட்டத்தில். குளிரூட்டிய கன்டெய்னர் குளிரைக் காப்பதற்குத்தான், சூடான பழத்தைக் குளிர வைப்பதற்கு அல்ல. பறித்த சில மணி நேரத்துக்குள் காற்றை அழுத்தி ஊதி முன்குளிரூட்டாமல் ஏற்றிவிட்டால், கன்டெய்னர் அந்தச் சூட்டை இறக்க நாள்கணக்கில் பாடுபடும். அதற்குள் பழம் தன் ஆயுளை மூச்சாக விட்டுவிடும்.

அடுத்து, முனை கூரான வெப்பமானியைப் பழத்துக்குள்ளேயே குத்தி அளப்பது. கதவருகே, நடுவே, உட்கோடியில், ஒவ்வோர் இடத்திலும் மேலடுக்கும் கீழடுக்கும். காற்றின் வெப்பநிலையை மட்டும் குறித்துவிட்டு வருபவர்கள்தான் அதிகம், அந்த அறிக்கை இழப்பீட்டுப் பேச்சில் நிற்காது. பிறகு மாதிரி டப்பாக்களை எடை போடவேண்டும். வழியில் ஈரம் இழக்கும் என்பதால் தோட்டத்திலேயே கொஞ்சம் கூடுதலாக நிரப்புவார்கள். 125 கிராம் என்று அச்சிட்ட டப்பா 121 காட்டினால் அதைக் கடையில் வைக்க முடியாது. டப்பாவைக் கவிழ்த்து அடிப்பக்கத்தைப் பாருங்கள். சாறு ஒட்டியிருந்தால் உள்ளே நசுங்கியது உண்டு. வெள்ளைத் தட்டில் கொட்டி, பூஞ்சை பிடித்தது, சாறு கசிவது, மெத்தென்றானது, சுருங்கியது, காம்புப் பக்கம் சிவப்பாக நிற்பது எனத் தனித்தனியாகப் பிரித்து ஒவ்வொன்றையும் எடை போட்டுச் சதவீதம் எழுதவேண்டும். சாம்பல் நிறப் பூஞ்சை என்றால் பெரும்பாலும் போட்ரைட்டிஸ். அது 0 டிகிரியிலும் மெல்ல வளரும், ஒரு பழத்திலிருந்து பக்கத்துப் பழத்துக்குத் தாவும். பழத்தின் மேலுள்ள வெண்மெழுகுப் படலம் அழியாமல் இருக்கிறதா என்பதும் முக்கியம். அழிந்திருந்தால் அதிகம் கைபட்டது என்று பொருள். இனிப்பளவு மானியில் ஒரு சொட்டு. லாட் எண் தெரியும்படி படங்கள். அறிக்கை அன்றைக்கே போய்ச் சேரவேண்டும். புகார் தெரிவிக்க ஒப்பந்தங்கள் தரும் அவகாசம் ஒரு நாள், இரண்டு நாள்தான்.

சென்னையில் இன்னொரு தொல்லை உண்டு. நம் ஊர் ஈரக்காற்றில் 1 டிகிரி குளிரில் இருந்த பழத்தை ஐந்து நிமிடம் திறந்த வெளியில் வைத்தால் முத்து முத்தாக வியர்த்துவிடும். அந்த ஈரம்தான் பூஞ்சைக்கு விதை நீர். வண்டியின் கதவும் கிடங்கின் கதவும் இடைவெளியில்லாமல் பொருந்தும் இறக்குமிடம் இல்லாத கிடங்கில் பெர்ரி வணிகம் உருப்படாது. நேர்காணலுக்குப் போகும்போது உங்கள் மகள் முதலில் பார்க்கவேண்டியது அந்த வாசலைத்தான்.

இரண்டாவது வழி ஆவணங்கள். புளூபெர்ரியின் சுங்கக் குறியீடு 0810 40, ராஸ்பெர்ரிக்கு 0810 20, ஸ்ட்ராபெர்ரிக்கு 0810 10. ஒவ்வொரு பழத்துக்கும் எந்த நாட்டிலிருந்து வரலாம் என்பதைத் தாவரத் தொற்றுத்தடுப்பு ஆணை 2003 தனித்தனியாக வரையறுக்கிறது. இறக்குமதி அனுமதி, ஏற்றுமதி நாட்டின் தாவர நலச் சான்றிதழ், உணவுப் பாதுகாப்பு ஆணையமான எஃப்.எஸ்.எஸ்.ஏ.ஐ.யின் அனுமதி, விலைப்பட்டியல், விமானச் சரக்குச் சீட்டு எல்லாம் ஒன்றோடொன்று பொருந்தவேண்டும். சரக்கு மாட்டிக்கொள்வது பெரும்பாலும் சின்னப் பிழைகளில்தான். சான்றிதழில் தாவரப் பெயர் தவறு, கேட்ட கூடுதல் உறுதிமொழி வாசகம் விடுபட்டது, மரப் பலகையில் பூச்சிநீக்க முத்திரை இல்லை. சரக்கு பறப்பதற்கு முன்பே சான்றிதழின் நகலை வாங்கி வரி வரியாகச் சரிபார்ப்பவர் இலட்சங்களைக் காப்பாற்றுகிறார். வரி விகிதமும் அவ்வப்போது மாறும். 2023இல் இந்தியாவும் அமெரிக்காவும் வணிகத் தகராறுகளைத் தீர்த்துக்கொண்டபோது அமெரிக்கப் புளூபெர்ரி, கிரான்பெர்ரி மீதான வரியைக் குறைக்க இந்தியா ஒப்புக்கொண்டது. எனவே விலை பேசும் நாளன்று அந்த நாட்டுக்கான விகிதத்தைப் பார்த்தே கணக்குப் போடவேண்டும். இந்தப் பக்கம் ஆர்வம் இருந்தால் சுங்கத் தரகர் நிறுவனத்தில் எச் அட்டையோடு (தேர்வெழுதாத ஊழியருக்கான அடையாள அட்டை) சேர்ந்து, தேர்வெழுதி ஜி அட்டை, பிறகு எஃப் அட்டை என்று உயரலாம்.

மூன்றாவது வழியைப் பலர் யோசிப்பதே இல்லை, எனக்கோ அதன்மேல் தனிப் பிரியம். பெர்ரிச் செடிகள் இன்று உலகெங்கும் மண்ணைவிட்டுத் தொட்டிக்கும் பைக்கும் ஏறிக்கொண்டிருக்கின்றன. புளூபெர்ரி அமில கார அளவு (pH) 4.5 முதல் 5.5 வரை உள்ள அமில மண் கேட்கும் செடி. அது கிடைக்காத இடத்தில் தென்னை நார்க்கழிவுக் கட்டிகள்தான் கைகொடுக்கின்றன. அவை பொள்ளாச்சி வட்டாரத்திலிருந்து ஏராளமாக ஏற்றுமதியாகின்றன. கழுவாத நார்க்கழிவில் சோடியமும் பொட்டாசியமும் ஒட்டிக்கொண்டிருக்கும். அப்படியே அனுப்பினால் அது உரநீரிலுள்ள கால்சியத்தை இழுத்துக்கொள்ளும், ஸ்ட்ராபெர்ரியின் இளந்தளிர் நுனி கருகும், வாங்கியவர் அடுத்த ஆண்டு திரும்பி வரமாட்டார். கால்சியம் நைட்ரேட் கரைசலில் ஊறவைத்துக் கழுவி, உப்பின் அளவைக் காட்டும் மின்கடத்துதிறனை அளந்து, லாட் வாரியாகச் சான்று தரும் நிறுவனங்களுக்குத் தோட்டக்கலை படித்த ஆள் வேண்டும். செடி கேட்பது என்ன என்று வெளிநாட்டு விவசாயியிடம் பேசத் தெரிந்த விற்பனையாளர் அங்கே குறைவு. வீட்டுக்குப் பக்கத்திலேயே இருந்து பெர்ரி உலகத்தோடு தொழில் செய்ய இதைவிட நேரான பாதை கிடையாது.

மொழி விஷயத்தில் ஒன்று சொல்வேன். பெரு, சிலி, மெக்சிகோ, ஸ்பெயின் எல்லா இடத்திலும் ஸ்பானிய மொழி. ஆங்கிலத்தில் மின்னஞ்சல் போகும், ஆனால் பொதிகூட மேற்பார்வையாளர் தொலைபேசியில் பேசுவது ஸ்பானியத்தில். இப்போதே தொடங்கி ஒன்றரை ஆண்டில் ஸ்பானிய மொழித் தேர்வான டெலேயில் பி1 என்ற இடைநிலையை எட்டினால், நூறு விண்ணப்பங்களில் உங்கள் மகளுடையது தனியாகத் தெரியும். வெளிநாட்டு முதுகலைக்கு ஆகும் செலவில் ஒரு சிறு துளிகூட இதற்கு ஆகாது.

அந்தக் கடனை இரண்டாண்டு தள்ளிப் போடுங்கள். கிடங்கில் இரண்டு பருவம் பார்த்தபின் படிப்பு வேண்டுமா என்பது உங்கள் மகளுக்கே தெரியும். அப்போது இந்திய வெளிநாட்டு வணிகக் கல்வி நிறுவனமான ஐ.ஐ.எஃப்.டி.யின் பன்னாட்டு வணிக எம்.பி.ஏ., ஐதராபாத் மேனேஜ் நிறுவனத்தின் வேளாண் வணிக மேலாண்மை, அறுவடைக்குப் பின்சார் நுட்பம்தான் பிடிக்கிறது என்றால் நெதர்லாந்தின் வாகனிங்கன் பல்கலைக்கழகம் என்று தேர்ந்தெடுக்கலாம். அனுபவத்தோடு போனால்தான் அந்தப் படிப்பு வேலையாக மாறும். வங்கித் தேர்வை எழுதி வைப்பதில் தவறில்லை, ஆனால் அதற்காக இந்த ஓராண்டை முழுதாக ஒதுக்கச் சொல்லாதீர்கள்.

இரண்டு வகை ஆட்களிடம் பணம் கொடுக்காதீர்கள். ஏற்றுமதி இறக்குமதி உரிமம் வாங்கித் தருகிறோம் என்று பல ஆயிரம் கேட்பவர்கள் ஒரு வகை. அந்த ஐ.இ.சி. எண்ணுக்கு வெளிநாட்டு வணிக இயக்குநரகத்தின் இணையதளத்தில் அரசுக் கட்டணம் 500 ரூபாய்தான். இங்கிலாந்தில் பெர்ரிப் பண்ணை வேலை, அப்படியே தங்கிவிடலாம் என்பவர்கள் இன்னொரு வகை. அந்தப் பருவகால விசா ஆறு மாதத்துக்குத்தான். குடும்பத்தைக் கூட்டிப்போக முடியாது, அங்கிருந்தபடியே வேறு விசாவுக்கு மாறவும் முடியாது. அது பழம் பறிக்கும் வேலை, வணிகத்துக்கான படிக்கட்டு இல்லை.

தொடக்கச் சம்பளம் குறைவாகத்தான் இருக்கும், அதை மறைக்கமாட்டேன். சரக்கு விமானங்கள் பெரும்பாலும் இரவில் இறங்கும், பரிசோதகர் அப்போது கிடங்கில் இருக்கவேண்டும். ஆகவே வேலைக்குச் சேரும் முன் உங்கள் மகள் நான்கு கேள்விகள் கேட்கட்டும். இரவுப் பணிக்கு வீட்டு வாசல்வரை நிறுவன வண்டி உண்டா, அந்த நேரத்தில் கிடங்கில் வேறு பெண்கள் பணியில் இருக்கிறார்களா, குளிர் அறைக்கான மேலங்கியும் கையுறையும் காலணியும் நிறுவனமே தருமா, பெர்ரி வராத மாதங்களில் எந்தப் பழத்தில் வேலை. ஆஸ்துமா தொந்தரவு இருந்தால் சேரும் முன்பே மருத்துவரிடம் காட்டிவிடுங்கள், 0 டிகிரி அறைக்கும் சென்னை வெயிலுக்கும் நாளுக்கு இருபது முறை நடக்கவேண்டியிருக்கும்.