பிள்ளைகளோடு வீட்டில் காளான் வளர்ப்பு: கேள்விகளும் பதில்களும்

மட்டக்களப்பு, அம்பாறைப் பக்கத்திலிருந்து வந்த கேள்விகளை ஒன்றாகச் சேர்த்திருக்கிறேன். எல்லாமே சிப்பிக்காளானைப் பற்றியவை. பொலித்தீன் பையில் வைக்கோலை அடைத்து, காளான் வித்தை (தானியத்தில் வளர்த்தெடுத்த காளான் இழை) போட்டு வளர்ப்பது அது. முதல் தடவை செய்கிறவர்களுக்கு அதுதான் சரி. மாரி தொடங்கி மாசி வரைக்கும் நம்ம பக்கத்துக் காற்றில் ஈரம் இருக்கும், சூடும் குறைவு. பிள்ளைகளோடு தொடங்க அதைவிட நல்ல காலம் இல்லை.

செங்கலடி, ஒரு தாய்: அக்கா, மகனுக்கு எட்டு வயசு. போனை வாங்கினா ஒரே அழுகை. காளான் வளர்த்தா மாறுவானா? எங்கிருந்து தொடங்குற?

ஒரு பையால் போன் பழக்கம் போய்விடும் என்று சொல்லமாட்டேன் தங்கச்சி. ஆனால் காலை, பள்ளி விட்டு வந்ததும், மாலை என்று மூன்று தரம் அவன் தானாக எழும்பிப் போய்ப் பார்க்க ஒரு காரணம் கிடைக்கும். காளான் மொட்டு இன்றைக்கு மிளகளவு இருந்தால் நாளைக்குக் கடலையளவு, அடுத்த நாள் குடை விரிந்திருக்கும். மாமரக் கன்று நட்டால் இந்த வேகம் கிடைக்காது. சின்னப் பிள்ளைக்கு இந்த வேகம்தான் வேணும்.

முதல் தடவை நீங்களே பை கட்டவேண்டாம். வித்துப் போட்டு, காளானின் வெள்ளை இழை முழுக்கப் படர்ந்த பையாக இரண்டு வாங்குங்க. எங்கே கிடைக்கும் என்பதை உங்க கமநல சேவை நிலையத்தில் விவசாயப் போதனாசிரியரிடம் கேளுங்க. இரண்டு எதற்கென்றால், ஒன்று பழுதானாலும் பிள்ளையின் மனசு உடையாது.

அவன் கையில் ஸ்ப்ரே போத்தலையும் அடிமட்டத்தையும் ஒரு கொப்பியையும் கொடுங்க. திகதி, எத்தனை தரம் தண்ணீர் அடித்தான், பெரிய குடை எத்தனை சென்ரிமீற்றர் என்று எழுதட்டும், படமும் கீறட்டும். அந்தக் கொப்பியில் எழுத்துப்பிழை திருத்தாதீங்க. அவன் மறந்தால் ஞாபகப்படுத்துங்க, ஆனால் அவனுக்காக நீங்க போய் அடிக்காதீங்க. மறந்து மொட்டுக் காய்ந்தாலும் ஏசவேண்டாம். காய்ந்ததைக் கிள்ளி எடுத்துவிட்டு ஈரத்தைக் கவனித்தால் ஏழு, பத்து நாளில் அதே பையில் அடுத்த மொட்டு வரும். “திரும்ப ஒருக்காப் பார்ப்பம்” என்று பிள்ளையிடம் மனசார நீங்க சொல்லக்கூடிய வேலை இது.

சம்மாந்துறை: ராத்தா, வெட்டு முடிஞ்சு வட்டைக்குள்ள வைக்கல் சும்மா கிடக்கு. நாங்களே பை கட்டலாமா? அளவோட சொல்லுங்க.

கட்டலாம். ஆனால் மழையில் நனைந்து கறுத்த வைக்கோல் கூடாது. பொன்னிறமாக, தட்டினால் சரசரக்கிற புது வைக்கோல் வேணும். புழுதி மணமோ பூஞ்சண மணமோ இருந்தால் விடுங்க.

ஒரு பைக்குக் காய்ந்த வைக்கோல் 1 கிலோ, காளான் வித்து 150 கிராம், 12க்கு 24 அங்குலப் பொலித்தீன் பை ஒன்று. வைக்கோலை இரண்டு விரல் நீளத்துக்கு, அதாவது 4, 5 சென்ரிமீற்றராக வெட்டுங்க. மாலையில் நல்ல தண்ணீரில் ஊறப்போட்டு, மேலே கல் வைத்து அமிழ்த்தி, விடியும்வரை விடுங்க. அடுத்த நாள் கிடாரத்தில் தண்ணீரைச் சூடாக்கி, ஊறிய வைக்கோலைப் போட்டு, கொதிக்கப்போகும் பதத்தில், 80 பாகை செல்சியஸ் அளவில், ஒரு மணித்தியாலம் மூடி வையுங்க. வைக்கோல் போட்டதும் சூடு இறங்கும். திரும்ப அந்தப் பதத்துக்கு வந்த பிறகுதான் அந்த ஒரு மணித்தியாலத்தை எண்ணவேணும். இந்த வேலை பெரியாட்களுக்கு மட்டும். பிள்ளைகள் குசினிக்குள் நிற்கக்கூடாது.

பிறகு துவைத்துக் காய்ந்த துணியில் நிழலில் பரப்பி ஆறவிடுங்க. இங்கேதான் அரைவாசிப் பேர் பிழைவிடுகிறார்கள். ஒரு பிடி வைக்கோலை எடுத்து இறுக்கிப் பிழியுங்க. உள்ளங்கை ஈரமாகவேணும், விரலிடுக்கால் சொட்டுத் தண்ணீரும் விழக்கூடாது. விழுந்தால் இன்னும் அரை மணித்தியாலம் பொறுங்க. கை வைத்தால் சூடே தெரியாத அளவுக்கு ஆறவேணும். சூட்டோடு போட்டால் வித்துச் செத்துப்போகும்.

கட்டும்போது காற்றாடியை நிறுத்தி யன்னலைச் சாத்துங்க. எல்லாரும் முழங்கை வரைக்கும் சவர்க்காரம் போட்டுக் கழுவவேணும். பையின் அடியை நூலால் கட்டி, நாலு விரல் உயரத்துக்கு வைக்கோல் போட்டு அமுக்கி, பை ஓரமாகச் சுற்றிவர வித்தைத் தூவுங்க. மறுபடி வைக்கோல், மறுபடி வித்து. நாலைந்து அடுக்கு வரும், கடைசி அடுக்கு வைக்கோலாக இருக்கட்டும். வித்துத் தூவுவது பிள்ளையின் வேலை. நடுவில் போடாமல் ஓரமாகப் போடுவதற்குக் காரணம், வெள்ளை படர்வதை வெளியிலிருந்தே பார்க்கலாம் என்பதும்தான். வாயை இறுக்கிக் கட்டி, சுடவைத்து ஆற்றிய ஊசியால் சுற்றிவரப் பத்துத் துளை இட்டு, இருட்டான மூலையில் தொங்கவிடுங்க. இந்த நாட்களில் தண்ணீர் அடிக்கவேண்டாம்.

15 முதல் 20 நாளில் பை முழுக்க வெள்ளையாகும். அப்போது நாலு பக்கமும் இரண்டு அங்குல நீளத்துக்குக் கீறி, பத்திரிகை வாசிக்கிற அளவு வெளிச்சமுள்ள, வெயில் படாத இடத்துக்கு மாற்றுங்க. ஒரு கிழமையளவில் மொட்டு வரும், அதிலிருந்து மூன்று நாலு நாளில் பறிக்கலாம். கொத்தை முழுதாகப் பிடித்துத் திருகி எடுங்க. அடிக்கட்டை நின்றால் அது அழுகிப் பூச்சி வரும். மூன்று தரம் பறித்து எல்லாமாக அரைக் கிலோ கிடைத்தால் முதல் பைக்கு அது நல்ல விளைச்சல்.

ஆரையம்பதி: பை கட்டி ஒன்பது நாள். ஒரு பக்கம் பச்சையாக் கிடக்கு. மகள் “நான் பிழையாப் போட்டுட்டன்” எண்டு அழுறா.

அவ பிழையாகப் போடவில்லை என்பதை முதலில் சொல்லுங்க. அது பச்சைப் பூஞ்சணம். வைக்கோலுக்குச் சூடு போதாமல் இருந்திருக்கும், அல்லது ஈரம் கூடியிருக்கும். இரண்டுமே பெரியாட்கள் பார்க்கவேண்டியவை. பையின் அடியில் மஞ்சள் தண்ணீர் தேங்கிப் புளித்த மணம் வந்தால் ஈரம்தான் காரணம்.

வீட்டுக்குள் பையைத் திறக்காதீங்க, திறந்தால் பச்சைத் தூள் அறையெங்கும் பறக்கும். மற்றப் பையிலிருந்து தூரமாக வெளியே கொண்டுபோங்க. பச்சை ஒரு ரூபாய்க் குற்றியளவுதான், மிச்சமெல்லாம் வெள்ளை என்றால் தனியாக வைத்துப் பொறுத்துப் பார்க்கலாம், சிலநேரம் காளான் அதை மூடிக்கொண்டு வளரும். பரவினால் வளவின் மூலையில் முழங்கால் ஆழத்துக்குக் குழி வெட்டி வைக்கோலைப் புதையுங்க. அதற்குமுன் மகளைக் கூப்பிட்டு, பொலித்தீனுக்கு வெளியால் வெள்ளையும் பச்சையும் முட்டுகிற கோட்டைக் காட்டுங்க. இரண்டும் ஒரே சாப்பாட்டுக்குப் போட்டி போடுகின்றன என்று சொன்னால் அவவுக்கு விளங்கும்.

கல்முனை: மொட்டு நிறைய வந்திச்சு. மறுகா மஞ்சளாகி வாடிப்போச்சு. நாளைக்கு மூண்டு தரம் தண்ணி அடிச்சம்.

தண்ணீர் மட்டும் போதாது, காற்றைப் பாருங்க. நேரே காற்றாடி படுகிறதா? கச்சான் என்கிற சூடான வறண்ட காற்று வீசுகிற மாதங்களில் அடித்த தண்ணீர் சொற்ப நேரத்தில் காய்ந்துவிடும். பையைச் சுற்றி நனைத்த சாக்கைத் தொங்கவிட்டு, கீழே ஒரு தட்டில் ஈர மணல் வையுங்க. தண்ணீரைச் சாக்கிலும் மணலிலும் அடியுங்க, மொட்டில் நேரே அடித்தால் அழுகும். கிணறு உவர் என்றால் மழைத்தண்ணீரையோ குடிக்கிற தண்ணீரையோ பாவியுங்க. இதற்கு எதிர்ப்பக்கமும் உண்டு: தண்டு நீண்டு குடை பொத்தானளவில் நின்றால் அந்த இடத்தில் காற்றோட்டம் போதாது.

நிந்தவூர்: மகளுக்கு இழுப்பு இருக்கு. வீட்டுக்குள்ள வைக்கலாமா?

படுக்கையறையிலோ அவ படிக்கிற இடத்திலோ வைக்கவேண்டாம். சிப்பிக்காளான் முற்றினால் கண்ணுக்குத் தெரியாத வித்துத்தூளைக் கோடிக்கணக்கில் கொட்டும். அது மூச்சுக்குழாயை உறுத்தும். வெளி விறாந்தையிலோ தனிக் கொட்டிலிலோ வைத்து, குடையின் ஓரம் கீழ்நோக்கி வளைந்திருக்கும்போதே பறியுங்க. ஓரம் மேலே நிமிர்ந்தால் தூள் கொட்டத் தொடங்கிவிட்டது. மகளுக்குக் கொப்பி எழுதுகிற வேலையைக் கொடுங்க. இருமல் கூடினால் பையை வேறு வீட்டுக்குக் கொடுத்துவிடுங்க.

களுவாஞ்சிக்குடி, ஒரு தந்தை: மகள் ஐந்தாம் ஆண்டுப் புலமைப்பரிசில் எழுதப்போறா. எந்த நேரமும் பதட்டம். இதால ஏதும் பலன் இருக்குமா?

பின்னேரம் பத்து நிமிடம், புள்ளி போடாத ஒரு வேலை அவவுக்கு வேணும். இதைச் செய்து பாருங்க. பறித்த பெரிய குடை ஒன்றின் தண்டை வெட்டி, கறுப்புத்தாளில், குடையின் அடியிலுள்ள மடிப்புகள் கீழே பார்க்க வைத்து, கிளாசால் மூடி விடுங்க. காலையில் கிளாசையும் குடையையும் மெதுவாகத் தூக்கினால், தாளில் வெண்மையாகக் கதிர் கதிராகக் குடையின் வடிவம் பதிந்திருக்கும், மடிப்புகளின் ஒவ்வொரு இடைவெளிக்கும் ஒரு கோடு. விரலால் தொட்டால் திருநீறுபோல ஒட்டும். அது பாடத்தில் வருமா என்று மட்டும் பேசவேண்டாம். பார்த்துவிட்டுப் போகட்டும்.

ஆனால் ஐயா, நித்திரையில்லை, சாப்பாடு இறங்கவில்லை, விளையாட்டையும் விட்டுவிட்டா என்று இரண்டு கிழமைக்கு மேல் போனால் வைத்தியரிடம் காட்டுங்க. காளான் பை அதற்கு மருந்தில்லை.

அக்கரைப்பற்று: மூண்டு வயசுப் பேரனும் நிக்கிறார். அவருக்கு என்ன வேலை?

வைக்கோலைப் பிழிந்து பார்ப்பது, கொத்தைக் கையால் பிய்த்துச் சட்டியில் போடுவது. வித்தை வாயில் போடாமல் பக்கத்தில் நில்லுங்க, முடிந்ததும் கை கழுவிவிடுங்க. பச்சையாகச் சாப்பிடக் கொடுக்கவேண்டாம், நன்றாக வேகவேணும். முதல் நாள் ஒரு கரண்டி கொடுத்துப் பாருங்க, சிலருக்கு ஒத்துக்கொள்ளாது.

வாகரை: மழைக்குப் பிறகு வளவுக்குள்ள வெள்ளைக் காளான் முளைச்சிருக்கு. பிள்ளைகள் அதையும் பறிச்சுக்கொண்டு வருதுகள்.

இதை வீட்டுச் சட்டமாகவே வையுங்க: பையில் வந்தது மட்டும் சட்டிக்கு. புல்லில் வருகிற பெரிய வெள்ளைக் குடைகளில் கடுமையாக வாந்தி, வயிற்றோட்டம் உண்டாக்குகிற வகை உண்டு. அதற்கு முற்றினால் அடிமடிப்பு பச்சை நிறமாகும், இளசில் வெள்ளையாகவே இருக்கும். மஞ்சள் போட்டு அவித்தாலோ, உள்ளி கறுக்கிறதா என்று பார்த்தாலோ நஞ்சு தெரியாது. பூச்சி தின்றிருப்பதும் அடையாளமில்லை. பிள்ளை தின்றுவிட்டால், வாந்தி வரும்வரை பார்த்திராமல் மிச்சக் காளானையும் எடுத்துக்கொண்டு உடனே ஆஸ்பத்திரிக்குப் போங்க. சில வகை நஞ்சு ஆறு மணித்தியாலத்துக்குப் பிறகுதான் வேலையைக் காட்டும்.

செங்கலடித் தாய் மறுபடியும்: மூண்டு தரம் பறிச்ச பையை என்ன செய்யிற?

பொலித்தீனை உரித்துவிட்டு வைக்கோலை உதிர்த்து வாழையடியில் போடுங்க, நல்ல பசளை. மகனே கொண்டுபோய்ப் போடட்டும். மழை பெய்தால் அந்த வாழையடியில் மறுபடி ஒரு கொத்து முளைக்கலாம். அவன் ஓடிவந்து காட்டுவான், கொப்பியிலும் எழுதட்டும். ஆனால் மண்ணில் மற்றக் காளானும் கலந்து வரும், அதைச் சமைக்கவேண்டாம்.